அர்த்தநாரி கார் ஆடிய இரண்டு நாள்

அர்த்தநாரி அண்ணனின் வெள்ளைக் கார் ஆடத் தொடங்கியது ஒரு புரட்டாசி மாத ஞாயிற்றுக்கிழமை, காலை பத்தரை மணிக்கு. புரட்டாசி என்பதால் எங்கள் தெருவில் ஒரு வீட்டிலும் கறி எடுக்கவில்லை, கறி எடுக்காத ஞாயிற்றுக்கிழமையில் ஆம்பளைகளுக்கு வேலை ஒன்றும் இருக்காது, வேலை இல்லாத ஆம்பளைகள் அடுத்தவன் வேலையைச் சுற்றி நின்று யோசனை சொல்வார்கள், அப்படி யோசனை சொல்ல வந்த ஒருவன் கையைச் சும்மா வைத்துக்கொண்டு நிற்காததால்தான் எல்லாம் நடந்தது. ஐப்பசியாக இருந்திருந்தால் அந்த நேரத்துக்கு அத்தனை பேரும் கறிக்கடையில் நின்றிருப்பார்கள், காரும் ஆடியிருக்காது.

எங்கள் தெரு பள்ளிபாளையத்தில், ஆற்றுக்கு இந்தக் கரையில் இருக்கிறது. முப்பது வீடு, பத்தொன்பது தறிக்கூடம். தறி ராத்திரி பகல் பார்க்காது. பாதிப் பேர் தறி ஓட்டும்போது மீதிப் பாதிப் பேர் தூங்கப் பார்ப்போம், பார்ப்போமே தவிரத் தூங்க மாட்டோம், ஏனென்றால் அந்தச் சத்தம் சுவரில் ஏறி, கட்டில் காலில் ஏறி, கடைசியில் பல்லுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும். என் பெயர் பாவாயி. பன்னிரண்டு வயதில் தறிக்கு வந்தேன், இப்போது நாற்பத்தாறு ஆகிறது, இதற்கிடையில் நான் அசந்து தூங்கிய நாட்களை விரல் விட்டு எண்ணச் சொன்னால் ஒரு கையே மிச்சம் இருக்கும். இதை யாரும் குறையாகச் சொல்லிக்கொள்வது கிடையாது. எல்லாருக்கும் அப்படித்தான் என்பதால் அது பழகிவிட்டது.

அர்த்தநாரி அண்ணன் தறி மேஸ்திரி. எந்தக் கூடத்தில் எந்தத் தறி மக்கர் பண்ணினாலும் ஸ்பானரும் கையுமாக வந்து நிற்பவர். அவர் சம்சாரம் நல்லம்மாள் அக்காவுக்கு மூன்று வருஷமாக இரண்டு சிறுநீரகமும் வேலை செய்யவில்லை. செவ்வாய், வியாழன், சனி, வாரத்தில் மூன்று நாள், காலை ஏழு மணிக்கு, ஆற்றுக்கு அக்கரையில் ஈரோட்டில் ஒரு ஆஸ்பத்திரியில் நாலு மணி நேரம் படுத்து ரத்தத்தைச் சுத்தம் பண்ணிக்கொண்டு வர வேண்டும். போகும்போதாவது உட்கார்ந்து போவாள். வரும்போது துணி மாதிரி பின்சீட்டில் கிடப்பாள். ஆஸ்பத்திரிக்கும் எங்கள் தெருவுக்கும் நடுவே பதினோரு வேகத்தடை, அது போகப் பாலத்தில் இணைப்புக்கு இணைப்பு ஒரு தூக்கல். காரின் பின்பக்க ஷாக் அப்சார்பர் இரண்டும் எண்ணெய் ஒழுகி உளுத்துப்போய்விட்டதால், ஒரு தடவை தூக்கிப் போட்டால் வண்டி நாலு தடவை குதித்துவிட்டுத்தான் அடங்கும், நாலாவது குதியில் அக்கா வாந்தி எடுப்பாள்.

அந்தச் சனிக்கிழமை வீட்டு வாசலில் இறங்கியதும் அக்கா கதவைப் பிடித்துக்கொண்டு நின்று, தெருவுக்கே கேட்கிற மாதிரி சொல்லிவிட்டாள்.

"செவ்வாக்கெழமை நான் வரமாட்டனுங்க மாமா. இந்த வண்டிலயும் வரமாட்டேன், எந்த வண்டிலயும் வரமாட்டேன். போதும். இனி என்னால முடியாது."

இரண்டு தவணை போகாமல் விட்டால் நெஞ்சில் தண்ணீர் கோத்துக்கொள்ளும் என்று டாக்டர் சொல்லியிருந்தது எங்கள் எல்லாருக்கும் தெரியும். அர்த்தநாரி அண்ணன் அப்படியே வண்டியைத் திருப்பினார். மெக்கானிக்கிடம் போனார், வண்டியை மூன்று நாள் விட்டுவிட்டுப் போகச் சொன்னான். சனி மதியத்திலிருந்து செவ்வாய் காலை வரைக்கும் மூன்று நாள் ஏது? புது ஷாக் அப்சார்பர் இரண்டை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு வந்து, ஞாயிறு காலையில் தானே வாசலில் வேலையை ஆரம்பித்தார். குலுங்காமல் கூட்டிப் போனால் அவள் வருவாள் என்று நினைத்தார். அதைத் தவிர நினைப்பதற்கு அவரிடம் வேறொன்றும் இல்லை.

முன் சக்கரத்துக்குக் கல் முட்டுக் கொடுத்து, லாரிக்காரர் செங்கோடனிடம் இரவல் வாங்கிய ஜாக்கியால் பின்பக்கத்தைத் தூக்கி, டிக்கிக்குள் இருந்த விரிப்பைச் சுருட்டினார். துருப்பிடித்த மேல் நட்டில் டீசல் விட்டு, ஒரு டீ குடிக்கிற நேரம் ஊறவிட்டு, தண்டு சுற்றாமல் ஒரு கையில் கொறட்டால் பிடித்துக்கொண்டு மறுகையால் நட்டைக் கழற்றினார். அதுவரை எல்லாம் ஒழுங்குதான். ஆனால் அவர் தறி மேஸ்திரி. தறியில் ஒரு பக்கம் கழற்றினால் மறுபக்கத்தையும் கழற்றி, சாக்கை விரித்து வரிசையாக அடுக்கி, துடைத்து, அப்புறம்தான் பூட்டுவார்கள். காரில் ஒன்றைக் கழற்றி அதைப் பூட்டிவிட்டுத்தான் அடுத்ததைத் தொட வேண்டும் என்பது கார் மெக்கானிக்குக்குத் தெரியும், இவருக்குத் தெரியாது. இரண்டையும் கழற்றிச் சாக்கில் அடுக்கிய நேரம் பார்த்துச் செங்கோடன் வந்து, கரூருக்கு லோடு ஏற்றப் போகணும், ஜாக்கியைக் கொடுங்க, சாயங்காலம் திருப்பித் தருகிறேன் என்றார். இரவல் சாமான், இல்லையென்று சொல்ல முடியாது. அண்ணன் சக்கரத்தை மாட்டி, வண்டியைக் கீழே இறக்கிவிட்டு ஜாக்கியைக் கொடுத்தார்.

அப்போதுதான் நல்லம்மாள் அக்காவின் தம்பி குப்புராஜு, ஒன்றுமே இல்லாமல் எப்படித்தான் இருக்கும் பார்க்கலாம் என்று காரின் பின்பக்கத்தில் கையை ஊன்றி ஒரே ஒரு அமுக்கு அமுக்கினான்.

கார் இறங்கியது, ஏறியது, இறங்கியது, ஏறியது. ஷாக் அப்சார்பர் இல்லாத வண்டி பத்துப் பதினைந்து தடவை அப்படித்தான் ஆடும் என்றார்கள். இருபது ஆயிற்று, நூறு ஆயிற்று, டீ வந்தது, டீ ஆறியது, மத்தியானச் சோற்றுக்கு எல்லாரும் போய்விட்டுக் கை ஈரத்தோடு திரும்பி வந்தார்கள், கார் ஆடிக்கொண்டே இருந்தது. அவசரமாகவும் இல்லை, சோம்பலாகவும் இல்லை, அயர்ந்து தூங்குகிறவன் மூச்சு விடுகிற கணக்கில் ஆடியது. யாரும் பெரிதாக ஆச்சரியப்படவில்லை. ஆச்சரியப்படுவதற்கும் உடம்பில் கொஞ்சம் தெம்பு வேண்டும். "ஸ்பிரிங் நல்ல ஸ்பிரிங்காட்ட இருக்குது" என்று சொல்லிவிட்டு ஷிப்டுக்குப் போகிறவர்கள் போனார்கள்.

சாயங்காலம் ஜாக்கி வந்தது. தூக்கினால் ஜாக்கியின் மேலும் ஆடியது, ஆடி ஜாக்கியைத் தள்ளிவிட்டது. ஆறு ஆம்பளைகள் பின்பக்கம் ஏறி உட்கார்ந்து அமுக்கிப் பார்த்தார்கள், ஆறு பேரையும் சேர்த்து ஆடியது, அதில் மூன்று பேர் தூங்கிப்போனார்கள். தூங்கினவர்களை எழுப்பி இறக்கியபோது அவர்கள் முகத்தைத் தெருவே பார்த்தது. புதுசாகக் குளித்துவிட்டு வந்த முகம் மாதிரி இருந்தது.

அதற்குப் பிறகு யாரும் யாருக்கும் சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை. மேல்வீட்டுக்காரி பிறந்ததிலிருந்து வீல்வீலென்று கத்துகிற தன் ஆறு மாசக் குழந்தையைக் கொண்டுவந்து பின்சீட்டில் போட்டாள், குழந்தை ஒரு கொட்டாவி விட்டுவிட்டுத் தூங்கியது. ஷிப்டு முடிந்து வந்தவர்கள் வீட்டுக்குப் போகாமல் செருப்பைக் கழற்றிக் கார் பக்கத்தில் வரிசையாக விட்டார்கள், செருப்புதான் வரிசை, ஆள் டீக்கடையில் இருக்கலாம். ஒரு தடவைக்கு மூன்று பேர், அரை மணி நேரம், குழந்தைகள் கணக்கில் வராது, டிக்கியில் ஒருவர் காலை மடக்கிப் படுத்துக்கொள்ளலாம் என்று சட்டம் தானாக உருவானது. கார் மேல் யாரும் கை வைக்கக் கூடாது, இரண்டாவது அமுக்கு விழுந்தால் ஆட்டம் கலைந்துவிடும் என்று ஒருத்தி சொல்ல, உடனே இன்னொருத்தி பானெட்டில் மஞ்சள் பூசிப் பொட்டு வைத்தாள். பொட்டு வைத்த பிறகு எவனும் கை வைக்கவில்லை.

திங்கட்கிழமை காலையில் அடுத்த தெருவிலிருந்தும் செருப்பு வந்தது. கூட்டம் ஏன் என்று விசாரிக்க வந்த போலீஸ்காரர் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு அரை மணி நேரம் விசாரித்துவிட்டு, கன்னத்தில் சீட்டின் வரியோடு இறங்கிப் போனார். வேலைக்கு ஆள் வரவில்லை என்று சத்தம் போட்டுக்கொண்டு வந்த தறிக்கூட முதலாளியை டிக்கியில் படுக்க வைத்தோம். அவரும் பாவம்தான், அவருக்கும் வீடு தறிக்கூடத்துக்கு மேல் மாடியில்தான். நான் ஞாயிறு ஒரு தடவை, திங்கள் ஒரு தடவை ஏறினேன். அந்தத் தூக்கத்தை எப்படிச் சொல்வது. உள்ளே போய் உட்கார்ந்ததும் தறிச் சத்தம் யாருடைய ஊரிலோ கேட்கிற மாதிரி தூரமாகிவிடும், கை தானாக விரியும், அப்புறம் ஒன்றும் தெரியாது. இறங்கும்போது அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், சொந்தத் தாய் செத்தபோதுகூட நான் அப்படி அழவில்லை.

இந்த இரண்டு நாளும் அர்த்தநாரி அண்ணன் என்ன செய்தார் என்று கேட்டால், கதவுக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். அரை மணிக்கொரு தடவை தூங்குகிறவர்களை எழுப்ப வேண்டும், எழுப்புகிறவனைத் தூங்குகிறவன் திட்டுவான், திட்டு வாங்க யாருக்கும் இஷ்டமில்லை, கார் அவருடையது என்பதால் அந்த வேலை அவர் தலையில் விழுந்தது. நடுநடுவே வீட்டுக்குள் ஓடி அக்காவுக்கு உப்பில்லாமல் ரசம் வைத்துவிட்டு, ஒரு நாளைக்கு அவள் குடிக்கக் கூடிய தண்ணீரை அளந்து வைத்துவிட்டு வருவார். அக்காவால் படுக்க முடியாது, படுத்தால் மூச்சு முட்டும், சுவரில் சாய்ந்துதான் கண்ணை மூடுவாள். அவள் முதுகுக்குத் தலையணை மாற்றி மாற்றிக் கொடுத்தே அவருக்கு மூன்று வருஷம் போயிருந்தது. அவரை யாரும் "நீங்க ஏறிப் படுங்ணா" என்று சொல்லவில்லை. நானும்தான் சொல்லவில்லை.

திங்கட்கிழமை மத்தியானம் இரண்டு மணிக்கு அவர் எங்கள் எல்லாரையும் பார்த்து, சொந்தக் காருக்கு அனுமதி கேட்டார்.

"நாளைக்குக் காலைல போகோணுமுங்க. புதுசை மாட்டிப்போடலாமுங்களா?"

ஆளுக்கொரு பக்கம் செருப்பு வரிசையைப் பார்த்தோம். கார் மட்டும் இறங்கி ஏறியது. அப்போது ஒரு குரல், "இன்னொரு வாரம் உடுங்ணா. அக்காவைச் செங்கோடன் லாரில கூட்டிட்டுப் போகட்டும். எத்தனை பேரு தூங்குறாங்க, பாருங்க" என்றது. அந்தக் குரல் என்னுடையது. சொன்னதும் எல்லாரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். அண்ணன் தலையை ஆட்டினார். சரி என்றுதான் ஆட்டினார். அவருக்கு எங்களோடு வழக்காடத் தெம்பில்லை.

வாசல்படியில் நல்லம்மாள் அக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்ததை நாங்கள் பார்க்கவில்லை.

"ஏண்டி பாவாயி" என்றாள். "நீங்க தூங்கறதுக்கு நான் வாந்தி எடுக்கோணுமா?"

நான் குனிந்துகொண்டேன்.

"நான் சாவறதுன்னா சாவறேன், அது என்ற இஷ்டம். முந்தாநேத்தே சொல்லிப்போட்டேன், வரமாட்டேன்னு. ஆனா இந்த மனுசன் ஒரு வேலையைக் கையில எடுத்தாரு. மூணு வருசத்துல அவருக்குன்னு எடுத்த ஒரே வேலை. அதைக்கூட முடிக்க உடமாட்டீங்களா நீங்க? ரெண்டு நாளா ஊரையே தாலாட்டறாரு. அவரு கண்ணைப் பாருங்கடி ஒருத்தியாவது."

பார்த்தோம். சாயப்பட்டறைத் தண்ணீர் மாதிரி சிவந்து கிடந்தது. அவ்வளவு நேரமும் அது எங்கள் முன்னால்தான் இருந்தது.

முதலில் நகர்ந்தது யார் என்று தெரியவில்லை. செருப்புகள் ஒவ்வொன்றாக வரிசையிலிருந்து எழுந்து காலுக்குப் போயின. உள்ளே தூங்கிக்கொண்டிருந்த மூன்று பேரை இந்தத் தடவை நான் எழுப்பினேன், திட்டும் நான் வாங்கினேன்.

ஆனால் ஆடுகிற வண்டியில் எப்படி மாட்டுவது? கீழ் நுனியைப் பூட்டுவது சுலபம், அச்சு ஆடாது. மேல் நுனி ஆடுகிற வண்டி உடம்பின் ஓட்டைக்குள் வர வேண்டும், வந்த நொடியில் நட்டைப் பிடிக்க வேண்டும், பிடிக்காவிட்டால் உடம்பு மேலே போய்விடும். கார் மெக்கானிக் யாராலும் முடியாது. ஆனால் நாங்கள் தறிக்காரர்கள். ஓடுகிற தறியில் இழை அறுந்தால் தறியை நிறுத்த மாட்டோம், நிறுத்தினால் நேரம் போகும். அடிக்கிற பலகை முன்னால் வந்து பின்னால் போகிற இடைவெளியில் விரலை விட்டு, இழையைப் பிடித்து, முடிச்சுப் போட்டு, விரலை எடுத்துவிடுவோம். விரல் போனவர்களும் உண்டு. எனக்குப் பத்தும் இருக்கிறது. இந்த வண்டியை நிறுத்தக் கூடியவர்கள், நிறுத்த மனமில்லாத நாங்கள்தான் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. நான் டிக்கிக்குள் ஏறிப் படுத்தேன். குப்புராஜு வண்டிக்கடியில் போனான்.

"பின்சீட்டுல ஒரு பாரம் இருந்தா ஆட்டம் ஒரே அளவா இருக்கும்" என்றார் அண்ணன்.

"அப்ப நீங்களே ஏறுங்க மாமா" என்றாள் அக்கா. "உள்ள இருந்தே சொல்லுங்க."

அவர் ஏறி உட்கார்ந்து சொன்னார்: புது ஷாக் அப்சார்பரை அமுக்கிக் கட்டியிருக்கும் நாரை அறுத்தால் தண்டு தானாக மெள்ள நீளும், அதை இழுக்கக் கூடாது, அது வருகிறபடி வரட்டும். குப்புராஜு அறுத்தான். தண்டு நீண்டு வந்தது. கார் இறங்கியபோது ஓட்டையில் அதன் நுனி எட்டிப்பார்த்தது, மேலே போனபோது மறைந்தது. இரண்டு தடவை விட்டுவிட்டேன், மூன்றாவது தடவை பிடித்துவிட்டேன். இடது பக்கம் முடிந்தது. கார் இப்போது நொண்டி நொண்டி ஆடியது.

"வலது பக்கத்துக்கு ரப்பர் மொதல்ல போடறதுங்களா, வாஷருங்களா?" என்று குப்புராஜு கீழேயிருந்து கேட்டான்.

பதில் வரவில்லை. சீட்டுக்குப் பின்னால் படுத்திருந்த எனக்கு மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. எட்டிப் பார்த்தேன். அர்த்தநாரி அண்ணன் கையை விரித்துப் போட்டுத் தூங்கிவிட்டிருந்தார்.

எழுப்ப யாருக்கும் துணிச்சல் இல்லை. குப்புராஜு மறுபடியும் கேட்கப் போனான். அக்கா வாயில் விரலை வைத்துக்கொண்டு, சேரை இழுத்துக் கார் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தாள்.

"கீழ வாஷர், அதுக்கு மேல ரப்பர். ஓட்டைக்கு மேல மறுக்கா ரப்பர், வாஷர், அப்புறம் நட்டு" என்றாள் மெதுவாக. "மனுசன் ஒரு மாசமா இதையேதான் மொனகிட்டிருந்தாரு. மாட்டறதுன்னு எப்பவோ முடிவு பண்ணிட்டாரு, நான்தான் சனிக்கெழமை வரைக்கும் வாயைத் தொறக்காம தாங்குனேன்."

அவள் சொன்னபடி போட்டோம். நுனி வந்தது. நட்டைப் பிடிப்பதற்கு முன் ஒரே ஒரு ஆட்டத்தை நான் வேண்டுமென்றே விட்டேன், அதை யாரிடமும் இதுவரை சொன்னதில்லை. அடுத்த ஆட்டத்தில் பிடித்து இறுக்கினேன். கார் இறங்கியது, பாதி ஏறியது, நின்றது.

நின்றதும் பத்தொன்பது கூடத்துத் தறிச் சத்தமும் ஒன்றாகத் தெருவுக்குள் வந்தது. வீடுகளில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தைகள் எல்லாம் ஒரே நேரத்தில் அழ ஆரம்பித்தன. ஷிப்டுக்கு நேரமானவர்கள் போனார்கள், மற்றவர்கள் வீட்டுக்குப் போய் மல்லாக்கப் படுத்துக்கொண்டு கூரையைப் பார்த்தார்கள். அர்த்தநாரி அண்ணன் மட்டும் எழுந்திருக்கவில்லை. பொழுது சாய்கிற வரைக்கும் அக்கா அந்தச் சேரிலேயே உட்கார்ந்து, கிட்டே வந்தவர்களை எல்லாம் விளக்குமாற்றைக் காட்டி விரட்டினாள்.

செவ்வாய்க்கிழமை காலையில் குப்புராஜுவுக்கு ஷிப்டு இருந்ததால் துணைக்கு நான் போனேன். அக்கா பின்சீட்டில் தலையணையைச் சாய்த்து வைத்து ஏறிக்கொண்டாள்.

"வண்டி எப்படின்னு பாக்கத்தான் ஏறுறேன். ஆஸ்பத்திரிக்கு வர்றேன்னு சொல்லல" என்றாள்.

"செரி செரி" என்றார் அண்ணன்.

முதல் வேகத்தடையில் வண்டி ஏறி இறங்கி, அதோடு அடங்கியது. நான் திரும்பிப் பார்த்தேன், அக்கா "ம்" என்றாள். இரண்டாவதிலும் "ம்" என்றாள். பாலத்தில் தூக்கல் தூக்கலாகப் போனோம், கீழே ஆற்றில் தண்ணீர் கலங்கலாக ஓடியது, பின்னாலிருந்து சத்தமே இல்லை. பயந்து திரும்பினேன். அக்கா வாயைத் திறந்துகொண்டு, லேசாகக் குறட்டை விட்டபடி தூங்கிக்கொண்டிருந்தாள். இந்த மூன்று வருஷத்தில் அவள் தூங்கி நான் பார்த்ததில்லை. அண்ணன் கண்ணாடியைத் திருப்பி அவளைப் பார்த்தார், அப்புறம் ரோட்டைப் பார்த்தார், அப்புறம் மறுபடியும் அவளைப் பார்த்தார்.

ஆஸ்பத்திரி வந்தது. அவர் திருப்பவில்லை.

"அண்ணா, ஆஸ்பத்திரிங்" என்றேன்.

"தெரியுது அம்மிணி."

ரவுண்டானா வரைக்கும் போய்த் திரும்பி வந்தோம். மறுபடியும் கேட்டைத் தாண்டிப் போனார். மூன்றாவது தடவை வாட்ச்மேன் எங்களைப் பார்த்துக் கையைக் காட்டினார், இவரும் அவருக்குக் கையைக் காட்டிவிட்டுப் போய்க்கொண்டே இருந்தார். மணி ஏழு ஆகப் பத்து நிமிஷம் இருந்தது. ஏழுக்குப் படுக்காவிட்டால் அந்தக் கட்டில் வேறு ஆளுக்குப் போய்விடும்.

"நேரமாச்சுங்ணா."

அவர் தோளில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ரெண்டு நாளா அத்தனை பேரை எழுப்புனேன் அம்மிணி, இவளை எழுப்ப எனக்குக் கை வரல. நீ எழுப்பறயா?"

நான் கையை நீட்டினேன். அவள் தோளுக்கு அரை அடி தள்ளியே கை நின்றுவிட்டது.

"எழுப்ப வேண்டாம்" என்றாள் அக்கா, கண்ணைத் திறக்காமல். "இன்னும் ஒரே ஒரு சுத்துப் போயிட்டு உள்ள உடுங்க மாமா. வர்றேன்."

அவர் ரவுண்டானாவுக்கு விட்டார்.